ஆன்டிவைரஸ் கத்தத்தான் செய்யும் என்றார்கள்

2021 தை மாதம். கொரோனாவால் தள்ளிப்போன கல்யாணங்கள் எல்லாம் ஒரே மாதத்தில் வந்து விழுந்த நேரம். பட்டுக்கோட்டையில் எங்கள் டிடிபி கடையில் பத்திரிகை, காதுகுத்து, புதுமனை புகுவிழா என்று மேசை நிறைய வேலை. ஒரு கல்யாண வீட்டுக்காரர் சாயங்காலம் ஆறு மணிக்குப் புரூஃப் பார்க்க வருவதாகச் சொல்லியிருந்தார். நாலரை மணிக்கு கலர் பிரிண்டரில் சிவப்பு விளக்குகள் மாறி மாறி மின்ன ஆரம்பித்தன.

இங்க் டேங்க் பிரிண்டர் வைத்திருப்பவர்களுக்கு அந்த மின்னல் என்னவென்று தெரியும். ஹெட்டைச் சுத்தம் செய்யும்போது கழிகிற மையை உறிஞ்ச பிரிண்டருக்குள் ஒரு பஞ்சுப் பட்டை இருக்கிறது. கடையில் ‘பேட்’ என்போம். அதில் எவ்வளவு மை இறங்கியிருக்கும் என்று பிரிண்டரே ஒரு கணக்கு வைத்துக்கொள்ளும். கணக்கு முடிந்ததும் ஒரு தாள்கூட அடிக்காமல் நின்றுவிடும். சர்வீஸ் சென்டர் தஞ்சாவூரில். போய் வந்தால் ஒரு நாள் போச்சு. அதனால் எங்கள் தொழிலில் எல்லாரும் செய்வது ‘ரீசெட்டர்’ போடுவது. சர்வீஸ் ஆட்களுக்கென்று இருக்கிற சாஃப்ட்வேர் எப்படியோ வெளியே கசிந்து இணையத்தில் சுற்றிக்கொண்டிருக்கிறது. அதை ஓட்டிக் கணக்கைப் பூஜ்யமாக்கினால் பிரிண்டர் பழையபடி ஓடும்.

பழைய மாடலுக்கான ரீசெட்டர் என்னிடம் இருந்தது. இது புது மாடல். கூகுளில் தேடி, அதுவரை பெயரே கேள்விப்படாத ஒரு தளத்தில் போய் நின்றேன்.

பார்த்தால் சந்தேகமே வராது. என் பிரிண்டரின் படம் அப்படியே இருந்தது, மாடல் நம்பர் சரியாக இருந்தது, முகவரிக்குப் பக்கத்தில் பூட்டுப் படமும் இருந்தது. பச்சை நிறத்தில் ஒரே மாதிரி நான்கு டவுன்லோட் பட்டன்கள். முதல் பட்டனை அழுத்தினால் ரம்மி ஆடக் கூப்பிட்டது. மூன்றாவதில் ஒரு ஜிப் ஃபைல் இறங்கியது. திறக்க பாஸ்வேர்டு 1234 என்று பக்கத்திலேயே போட்டிருந்தார்கள். உள்ளே ஒரு குறிப்பு: ஓட்டும் முன் ஆன்டிவைரஸை அணைத்துவிடவும்.

குறிப்பைப் பொருட்படுத்தாமல் ஒரு தடவை ஓட்டிப் பார்த்தேன். விண்டோஸோடு வருகிற ஆன்டிவைரஸான டிஃபெண்டர் ஃபைலையே தூக்கிவிட்டது. எனக்கும் லேசாக உறுத்தியது. பேராவூரணியில் கடை வைத்திருக்கும் நண்பருக்கு போன் போட்டேன்.

“அண்ணே, ரீசெட்டர்னா ஆன்டிவைரஸ் கத்தத்தான் செய்யும். எனக்கும் கத்துச்சு. ஆஃப் பண்ணிட்டு ஓட்டுங்க.”

அவர் பொய் சொல்லவில்லை. அவருக்குக் கத்தியதும் உண்மை, ஒன்றும் ஆகாததும் உண்மை. ஆனால் அவர் ஓட்டியது வேறு ஃபைல்.

அணைத்தேன். டபுள் கிளிக் செய்தேன். ஒன்றும் திறக்கவில்லை. மறுபடி செய்தேன். கொஞ்ச நேரத்தில் விண்டோஸ் அப்டேட் ஆகிறது என்று ஒரு பெட்டி வந்து நின்றது. நேரங்காலம் தெரியாமல் இது வேறா என்று திட்டிவிட்டு டீ குடிக்கப் போனேன். திரும்பி வரும்போது கடையில் வேலை பார்க்கும் தங்கச்சி, “அண்ணே, எல்லாப் படமும் வெள்ளையா ஆயிடுச்சு” என்றாள்.

கோரல் டிரா ஃபைல்கள், போட்டோக்கள், எக்செல் கணக்கு, எல்லாவற்றின் பெயருக்கும் கடைசியில் புதிதாக நான்கு எழுத்து ஒட்டியிருந்தது. எதுவும் திறக்கவில்லை. ஒவ்வொரு ஃபோல்டரிலும் ‘ரீட்மீ’ என்று ஒரு குறிப்பு. ஃபைல்களைப் பூட்டிவிட்டோம், சாவி வேண்டுமென்றால் 980 டாலர், 72 மணி நேரத்துக்குள் வந்தால் பாதி விலை, 490. அன்றைய கணக்கில் பாதி விலையே கிட்டத்தட்ட 36,000 ரூபாய். அப்டேட் பெட்டி என்று நான் பார்த்தது, பூட்டி முடிக்கும்வரை நம்மைக் கைவைக்காமல் இருக்கச் செய்யும் திரை. நானும் டீயை ஆற அமரக் குடித்து ஒத்துழைத்திருக்கிறேன்.

பேக்கப் இருந்ததா என்று கேட்பீர்கள். இருந்தது. ஒரு எக்ஸ்டர்னல் டிஸ்க். எந்நேரமும் அதே கம்ப்யூட்டரில் செருகியே இருந்தது. அதையும் பூட்டியாயிற்று.

வந்தது ஸ்டாப் என்றும் டிஜேவியூ என்றும் சொல்லப்படும், ஃபைல்களைப் பூட்டிப் பணம் கேட்கிற ‘ரான்சம்வேர்’ வகை வைரஸ் குடும்பம். காசு கட்ட வேண்டிய சாஃப்ட்வேரை ஓசியில் ஓட்ட கிராக், கீஜென், ஆக்டிவேட்டர் என்று தேடுகிறவர்களைப் பிடிக்கவே பரப்பப்படுவது. எம்சிசாஃப்ட் என்ற நிறுவனம் 2019 அக்டோபரில் இதற்கு இலவச மீட்புக் கருவி ஒன்று வெளியிட்டிருந்தது. ஆனால் கடைக் கம்ப்யூட்டரில் உதவி தேடப் போன தளங்கள் திறக்கவில்லை. விண்டோஸின் ஹோஸ்ட்ஸ் ஃபைலில் பாதுகாப்புத் தளங்களின் பெயர்களை எழுதிப் பாதையை அடைத்துவிடுவது இந்த வைரஸின் வழக்கம். போனில்தான் எல்லாம் படித்தேன்.

அந்த ரீட்மீயில் நமக்கென்று நீளமாக ஓர் அடையாளக் குறி இருக்கும். அதன் கடைசி இரண்டு எழுத்து டி1 (t1) என்று இருந்தால், வைரஸ் தன் சர்வரைத் தொட முடியாமல் கையில் வைத்திருந்த பொதுச் சாவியால் பூட்டியிருக்கிறது என்று பொருள். அந்தச் சாவி ஒருவருக்குக் கிடைத்தால் அதால் பூட்டப்பட்ட எல்லாருக்கும் திறக்கும். ராத்திரி பதினொரு மணிக்கு அந்த இரண்டு எழுத்தைத் தேடிக் குனிந்தது நினைவிருக்கிறது. டி1 இல்லை. எங்கள் ஏரியாவில் பாதி நாள் நெட் இருக்காது; அன்றைக்குப் பார்த்து அருமையாக இருந்தது.

பணம் கட்டவில்லை. கட்டினாலும் சாவி வரும் என்பதற்கு அவர்கள் வார்த்தைதான் உத்தரவாதம்.

மிஞ்சியதும் கொஞ்சம் உண்டு. இந்த வகை வைரஸ் வேகமாக முடிப்பதற்காக ஒவ்வொரு ஃபைலிலும் முதல் 150 கேபி அளவை மட்டும்தான் பூட்டும். சின்ன ஃபைல் முழுதாகப் போய்விடும். பெரிய ஃபைலில் தலை மட்டும் போகும். 2012 முதல் 2018 வரை பழைய டிசைன்களை வருடத்துக்கு ஒரு ஜிப்பாகக் கட்டி வைத்திருந்தேன், இடம் மிச்சம் பிடிக்க. ஒட்டியிருந்த நான்கு எழுத்தை நீக்கிவிட்டு 7-ஜிப்பில் திறந்தால் ஒவ்வொன்றிலும் முதலில் இருந்த ஓரிரு டிசைன் மட்டும் பழுது. மற்றவை முழுசாக வந்தன. 2014-இல் போனது ஓர் ஆடித் தள்ளுபடி நோட்டீஸ். அதற்காக யாரும் அழப்போவதில்லை. ஆனால் ஜிப்பாக்காமல் தனித்தனி ஃபைலாக வைத்திருந்த 2019, 2020 இரண்டு வருட வேலை, தலை போனதால் எதுவும் திறக்காமல், அடியோடு போயிற்று. ஆறு மணிக்கு வந்தவருக்கு, முந்தின நாள் வாட்ஸாப்பில் அனுப்பியிருந்த படத்தைப் பார்த்து மறுபடி தட்டச்சு செய்து, பக்கத்துக் கடையில் பிரிண்ட் எடுத்துக் கொடுத்தேன்.

பூட்டுவதோடு விடாமல் பாஸ்வேர்டு திருடுகிற சாஃப்ட்வேரையும் கூடவே இறக்குவது இந்தக் கும்பலின் பழக்கம். அதைப் படித்ததும் ஜிமெயில், பேங்க் எல்லா பாஸ்வேர்டையும் போனிலிருந்து மாற்றினேன். கம்ப்யூட்டரை முழுதாக ஃபார்மட் செய்தேன். உங்களுக்கு இப்படி ஆனால், ரீட்மீ குறிப்பையும் பூட்டப்பட்ட ஃபைல்களையும் ஒரு டிஸ்க்கில் எடுத்து வைத்துவிட்டு அப்புறம் ஃபார்மட் செய்யுங்கள். பின்னாளில் சாவி கிடைத்தால் அவை வேண்டியிருக்கும்.

இதையெல்லாம் விட என்னை அரித்தது வேறு. பாஸ்வேர்டு போட்ட ஜிப்பை நான் பார்த்தேன். ஆன்டிவைரஸை அணைக்கச் சொன்னதையும், டிஃபெண்டர் தடுத்ததையும் பார்த்தேன். ஒன்றுகூடக் கண்ணில் படாமல் போகவில்லை. ஒவ்வொன்றுக்கும் நானே ஒரு சமாதானம் சொல்லிக்கொண்டேன். ஜிப்புக்குப் பாஸ்வேர்டு போட்டால் உள்ளே இருப்பதை ஆன்டிவைரஸால் பிரித்துப் பார்க்க முடியாது. பாஸ்வேர்டைப் பக்கத்திலேயே எழுதி வைத்திருக்கிறார்கள் என்றால், அது யாரிடமிருந்து மறைக்கப் போட்ட பூட்டு? என்னிடமிருந்து இல்லை. இந்த ஒரு கேள்வியை அன்றைக்கு நாலரை மணிக்கு நான் கேட்டிருந்தால் போதும்.

இன்னொன்று யோசிக்க யோசிக்கத்தான் புரிந்தது. எந்தத் தளத்தில் நல்ல ரீசெட்டர் கிடைக்கும் என்ற கேள்விக்கே பதில் கிடையாது. கம்பெனி பொதுவில் வெளியிடாத ஃபைல் அது. அசல் எப்படி இருக்கும், என்ன அளவு, யார் கையெழுத்து என்று ஒப்பிட்டுப் பார்க்க எதுவும் இல்லை. சாஃப்ட்வேரைச் சோதிக்கிற எல்லா வழியும் கடைசியில் ‘இதைச் செய்தவர் என்ன சொல்கிறார்’ என்பதில்தான் வந்து நிற்கும். அப்பன் பெயர் தெரியாத ஃபைலை யாரிடம் போய் விசாரிப்பது? கிராக்குக்கும் இதே கதைதான். அதனால் அந்தப் பக்கம் போவதையே விட்டுவிட்டேன். இனிச் சொல்லப்போவது எல்லாம், செய்தவர் யார் என்று தெரிந்த சாஃப்ட்வேருக்கு மட்டும்.

2022-இல் இதற்கு ஒரு பரீட்சை வந்தது. கல்யாண வீடியோ போட்டுப் பார்க்க புதுக் கம்ப்யூட்டரில் விஎல்சி வேண்டும். அதைச் செய்கிற வீடியோலேன் அமைப்பின் தளமான வீடியோலேன்.ஆர்க் திறக்கவில்லை. அந்த வருடம் பிப்ரவரியிலிருந்து நவம்பர் வரை இந்தியாவில் அந்தத் தளம் முடக்கப்பட்டிருந்தது. பிரான்ஸிலிருந்து இயங்கும் அந்த லாப நோக்கமில்லாத அமைப்புக்கே முறையாகக் காரணம் சொல்லப்படவில்லை. அசல் வாசல் அடைபட்டால் என்ன ஆகும்? தேடினால் வேறு வேறு பெயரில் தளங்கள் வரிசை கட்டி நின்றன. ஒன்றில் மொத்த ஃபைலே இரண்டு எம்பிதான். விஎல்சி நாற்பது எம்பியை ஒட்டி இருக்கும். இரண்டு எம்பியில் இறங்குவது விஎல்சி இல்லை. வேறு எதை எதையோ இறக்கித் தரும் தரகர்.

பக்கத்து மொபைல் கடைக்காரரின் டவுன்லோட்ஸ் ஃபோல்டரில் பழைய விஎல்சி செட்டப் கிடந்தது. பென் டிரைவில் வாங்கி வந்தேன். இதுவும் முன்பின் தெரியாத இடம்தானே என்றால், ஆமாம். ஆனால் ஃபைலின் மேல் ரைட் கிளிக், பிராப்பர்ட்டீஸ், டிஜிட்டல் சிக்னேச்சர்ஸ் என்று போய்ப் பார்த்தேன். கையெழுத்திட்டவர் வீடியோலேன் என்றும், டீடெய்ல்ஸை அழுத்தினால் கையெழுத்து செல்லும் என்றும் வந்தது. நடுவில் யாராவது ஃபைலைத் திருத்தியிருந்தால் அந்த இடத்தில் ‘செல்லாது’ என்று வரும். கை மாறி வந்தாலும் முத்திரை உடையாத தபால் மாதிரி. அதைப் பார்த்த பிறகுதான் நிறுவினேன்.

கையெழுத்து இல்லாவிட்டால் உடனே மோசம் என்று சொல்ல முடியாது. நான் தினமும் பயன்படுத்தும் 7-ஜிப்பின் செட்டப்பில் அந்தப் பகுதியே வராது. ஈகோர் பாவ்லோவ் 1999 முதல் தருகிற நல்ல சாஃப்ட்வேர்தான். அப்படிப்பட்டவற்றுக்கு முகவரிதான் முக்கியம். அதை நான் கூகுளில் தேடி எடுப்பதில்லை. விக்கிப்பீடியாவில் அந்த சாஃப்ட்வேரின் கட்டுரைக்குப் போனால் வலது பக்கப் பெட்டியில் அதிகாரபூர்வ இணையதளம் இருக்கும், அங்கிருந்து போவேன். ஏற்கெனவே நிறுவியது என்றால் அதன் ‘ஹெல்ப்’ மெனுவில் ‘அபவுட்’ போனாலே முகவரி கிடைக்கும். தேடலில் மேலே ‘ஸ்பான்சர்ட்’ என்று வருவதைத் தொடுவதே இல்லை. 2022 கடைசியிலும் 2023 தொடக்கத்திலும் ஓபிஎஸ், நோட்பேட் பிளஸ் பிளஸ், விஎல்சி என்று பெயர் பெற்ற இலவச சாஃப்ட்வேர்களின் பெயரில் போலித் தளங்கள் கூகுள் விளம்பரமாகவே வந்தன. அமெரிக்காவின் எஃப்பிஐ 2022 டிசம்பர் 21 அன்று இதைப் பற்றி எச்சரித்து, விளம்பரத் தடுப்பான் போட்டுக்கொள்ளச் சொன்னது. விளம்பரத்தைத் தடுத்தால் அந்தப் பச்சைப் பட்டன்களிலும் முக்கால்வாசி காணாமல் போய்விடுகின்றன.

பூட்டுப் படத்தைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் அன்றைக்கு அதையும் நம்பினேன். அந்தப் பூட்டு வருவதற்கான சான்றிதழ் யாருக்கும் இலவசமாகவே கிடைக்கிறது. நமக்கும் தளத்துக்கும் நடுவில் யாரும் ஒட்டுக் கேட்க முடியாது என்பதுதான் அதற்கு அர்த்தம். எதிரே இருப்பவன் யோக்கியனா என்று அது சொல்லாது. ஹூ இஸ் என்று தேடினால் ஒரு முகவரி எப்போது பதிவானது என்று பார்க்கிற தளங்கள் கிடைக்கும். ‘பதினைந்து வருட நம்பிக்கை’ என்று முகப்பில் போட்டிருந்த ஒரு தளம் பதிவாகி மூன்று வாரம்தான் ஆகியிருந்தது. அதற்கு மேல் விசாரிக்க என்ன இருக்கிறது!

வைரஸ்டோட்டல் பலருக்கும் தெரியும். ஒரு ஃபைலை எழுபதுக்குப் பக்கமான ஆன்டிவைரஸ்களிடம் ஒரே நேரத்தில் காட்டிக் கேட்கிற இலவசத் தளம். ஸ்பெயினில் 2004-இல் தொடங்கியது, 2012-இல் கூகுள் வாங்கியது. ஆனால் அது தருகிற பதிலைப் படிக்கத் தெரிய வேண்டும். எழுபதில் பூஜ்யம் என்று பச்சையாக வந்தால் பெரும்பாலானவர்கள் அங்கேயே நிறுத்திவிடுகிறார்கள். நான் ‘டீடெய்ல்ஸ்’ பக்கம் போய், அந்த ஃபைல் முதன்முதலில் எப்போது அங்கே வந்தது என்று பார்ப்பேன். மூன்று வருடமாக உலகம் முழுக்கச் சுற்றுகிற ஃபைல் பூஜ்யம் காட்டினால் அது ஒரு விதம். பத்து நிமிடம் முன்பு, அதுவும் என் கையாலேயே முதல்முறை ஏறிய ஃபைல் பூஜ்யம் காட்டினால், இன்னும் யாருக்கும் இதைத் தெரியாது என்பதைத் தவிர ஒன்றும் தெரியவில்லை. பிரபலமான சாஃப்ட்வேர் என்று சொல்லி இறக்கிய ஃபைலை வைரஸ்டோட்டல் இதற்கு முன் பார்த்ததே இல்லை என்றால், அதுவே போதுமான சேதி.

ஒன்றிரண்டு மட்டும் சிவப்புக் காட்டினால் தவறான எச்சரிக்கையாக இருக்கலாம். சின்னச் சின்ன இலவசக் கருவிகளுக்கு அப்படி வருவது உண்டு. பேர் பெற்ற நாலைந்து நிறுவனங்கள் ‘டிரோஜன்’, ‘ஸ்டீலர்’ என்று சொன்னால் தூக்கிப் போட்டுவிடுவேன். அங்கே 650 எம்பிக்கு மேல் ஏற்ற முடியாது. இதைத் தெரிந்துகொண்டு, சின்ன வைரஸ் ஃபைலை வெற்றிடம் போட்டு நிரப்பி 700 எம்பியாக ஊதி விடுகிறவர்களும் இருக்கிறார்கள். அளவைப் பார்க்கச் சொல்வதற்கு இதுவும் ஒரு காரணம். அப்புறம், கஸ்டமரின் ஆதார், பத்திரம் போன்ற ஃபைல்களை அங்கே ஏற்றிவிடாதீர்கள். ஏறியதைப் பாதுகாப்பு நிறுவனங்கள் எடுத்துப் பார்க்க முடியும்.

ஃபைலை ஏற்றாமலே கேட்கவும் வழி உண்டு. 7-ஜிப் இருந்தால் ஃபைலின் மேல் ரைட் கிளிக் செய்யும்போது ‘சிஆர்சி எஸ்எச்ஏ’ என்று ஒரு வரி இருக்கும். அதில் எஸ்எச்ஏ-256 எடுத்தால் நீளமாக ஓர் எண் கிடைக்கும். ஃபைலின் கைரேகை. அதை வைரஸ்டோட்டல் தேடலில் ஒட்டலாம். செய்தவர் தன் தளத்தில் போட்டிருக்கும் எண்ணோடும் ஒப்பிடலாம். 2017 மே மாதம் ஹேண்ட்பிரேக் என்ற வீடியோ சாஃப்ட்வேரின் டவுன்லோட் சர்வர்களில் ஒன்றுக்குள் யாரோ புகுந்து, மேக் கம்ப்யூட்டருக்கான ஃபைலை மாற்றி வைத்துவிட்டார்கள். 2-ஆம் தேதியிலிருந்து 6-ஆம் தேதி வரை இறக்கியவர்களுக்கு வைரஸ் வர ஐம்பதுக்கு ஐம்பது வாய்ப்பு என்று அவர்களே அறிவித்தார்கள். கைரேகையை ஒப்பிட்டவர் தப்பியிருப்பார்.

இதெல்லாம் செய்தும் மாட்ட வாய்ப்பு உண்டா என்றால், உண்டு. அதே 2017-இல், கம்ப்யூட்டரில் சேர்கிற குப்பையை நீக்கப் பலரும் வைத்திருக்கும் சிசிகிளீனரின் 5.33 பதிப்பு அதன் சொந்தத் தளத்திலிருந்து, சொந்தக் கையெழுத்தோடு, வைரஸைச் சுமந்துகொண்டே ஒரு மாதம் போல இறங்கியது. 22 லட்சத்துக்கு மேற்பட்ட கம்ப்யூட்டர்களுக்குப் போனதாக அவர்களே சொன்னார்கள். அந்த மாதிரிச் சமயத்தில் என்னைப் போன்றவர்கள் செய்யக்கூடியது அதிகம் இல்லை. பேக்கப் டிஸ்க்கை மட்டும் சனிக்கிழமை ராத்திரி செருகி, நகல் எடுத்து, கழற்றி வீட்டுக்குக் கொண்டுபோய்விடுகிறேன். கடையில் இன்னொரு பழைய லேப்டாப் இருக்கிறது. அதில் எந்தக் கணக்கும் திறந்திருக்காது, கடை நெட்வொர்க்கிலும் சேர்க்கவில்லை. மனசு ஒப்பாததை அதில் போட்டு ஓரிரு நாள் விட்டுவைப்பேன். ஆன்டிவைரஸுக்கு அந்த அவகாசம் உதவும். காலையில் தெரியாத வைரஸ் மறுநாள் சாயங்காலம் தெரிந்துவிடுவது உண்டு.

பிரிண்டர் என்ன ஆயிற்று என்று சொல்லவில்லையே. அந்த வாரக் கடைசியில் தஞ்சாவூருக்கு பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டு போனேன். சர்வீஸ் பையன் பின்பக்கத்தில் ஒரு ஸ்குரூவைக் கழற்றி, இடுக்கியால் பேடை வெளியே இழுத்தான். கன்னங்கரேல் என்று இருந்தது. கீழே விரித்திருந்த பேப்பரில் சொட்டியது.

“ரீசெட் மட்டும் பண்ணியிருந்தீங்கன்னா சார், கணக்குதான் ஜீரோ ஆகியிருக்கும். பஞ்சு ரொம்பினது ரொம்பினதுதானே? இந்நேரம் மேசையெல்லாம் வழிஞ்சிருக்கும்.”

புதுப் பேட், கூலி, எல்லாம் சேர்த்து 650 ரூபாய். இருபது நிமிட வேலை.